பழைய கப்பலெல்லாம் கடைசில எங்க போகுது? – வாசகர் கேள்வி பதில்

போன இதழ்ல சரக்குக் கப்பலோட ஆயுசு 25, 30 வருஷம்னு ஒரு வரி எழுதியிருந்தேன், அதுக்கப்புறம் வந்த கடிதம், வாட்ஸ்அப் எல்லாத்துலயும் ஒரே கேள்விதான், அதுக்கப்புறம் அந்த கப்பல் என்ன ஆகுதுன்னு. அதனால இந்த தடவ முழுசும் கப்பல் உடைக்கிற யார்டு பத்தி மட்டும்தான்.

யூடியூப்ல ஒரு வீடியோ பாத்தேன் சார். பெரிய கப்பல் ஒன்னு ஸ்பீடா வந்து நேரா கரையில ஏறுது. அது ஆக்சிடென்ட்டா, இல்ல வேணும்னே ஏத்துறாங்களா? – நாகப்பட்டினம் வாசகர்

வேணும்னேதான் தம்பி. நீங்க பாத்தது அனேகமா குஜராத்ல பாவ்நகர் பக்கம் இருக்குற அலங் கடற்கரையா இருக்கும். 1983 பிப்ரவரில அங்க முதல் கப்பல ஏத்துனாங்க, அதுலேர்ந்து இன்னி வரைக்கும் அந்த பத்து கிலோமீட்டர் கரையில ஆயிரக்கணக்கான கப்பல் உடைஞ்சு போயிருக்கு.

ஏன் அங்கன்னா, எல்லாம் ஓதம்தான். உங்க நாகப்பட்டினத்துல கடல் ஏறி இறங்குறது ஒரு மீட்டர் கூட வராது, நீங்களே பாத்திருப்பீங்க. கம்பத் வளைகுடாவுல அமாவாசை பௌர்ணமி சமயத்துல அது 10 மீட்டர் அளவுக்குப் போகும். பக்கத்துல பாவ்நகர் துறைமுகத்துல தண்ணி வடிஞ்சா கப்பல் தரை தட்டிடும்னு லாக் கேட் போட்டு தண்ணிய உள்ளயே பிடிச்சு வெச்சிருக்காங்கன்னா பாத்துக்கோங்க. அந்த உயரத்துக்குத் தண்ணி ஏறுறப்போ கப்பல விட்டா கரைக்கு எவ்வளவோ கிட்ட வந்துடும், தண்ணி வடிஞ்சதும் கப்பல் அப்படியே சேத்து மேல உக்காந்துடும். டிரை டாக் (தண்ணிய வடிச்சுட்டு கப்பல நிறுத்துற தொட்டி) வேணாம், பெரிய கிரேன் வேணாம், ஜெட்டி வேணாம். கடலே தூக்கிக் குடுத்துட்டுப் போயிடுது.

ஏத்துறதுக்கு முன்னாடி கப்பல் வெளிய நங்கூரம் போட்டு நிக்கும். கஸ்டம்ஸ், மாரிடைம் போர்டு (துறைமுகங்கள பாத்துக்குற குஜராத் அரசு அமைப்பு), பொல்யூஷன் போர்டு ஆளுங்க ஏறி செக் பண்ணுவாங்க. அப்புறம் முன்பக்கம் லேசா இருக்குற மாதிரி பேலஸ்ட் தண்ணிய அட்ஜஸ்ட் பண்ணி, ஓதம் உச்சத்துக்கு வர்ற நேரம் பாத்து, கரையில அந்த யார்டுக்கு ஒதுக்குன ப்ளாட்டுக்கு வெச்சிருக்க அடையாளத்த குறி வெச்சு ஃபுல் அஹெட்ல, அதாவது முழு வேகத்துல விடுவாங்க. நான் இன்ஜின் ரூம் ஆளு, சர்வீஸ் பூரா கப்பல் தரை தட்டிடக் கூடாதுன்னே பயந்து வேல பாத்தவன், அதனால அந்த வீடியோவ பாக்குறப்போ எனக்கு இப்பவும் வயித்தக் கலக்கும்.

அதுக்கப்புறம் வெள்ளரிக்காய நறுக்குற மாதிரி மூக்குலேர்ந்து ஆரம்பிச்சு பின்னாடி வரைக்கும் துண்டு துண்டா அறுப்பாங்க. முன்பக்கம் குறைய குறைய கப்பல் லேசாகும், அடுத்த பெரிய ஓதத்துல வின்ச்சு போட்டு சங்கிலியால இன்னும் கொஞ்சம் உள்ள இழுப்பாங்க. ஒரு நடுத்தர கப்பல் தீர நாலஞ்சு மாசம் ஆகும்.

இதுல இருக்குற கெடுதலும் அந்த ஓதத்துலயேதான் இருக்கு. டிரை டாக்குல எண்ணெய் சிந்துனா கான்கிரீட் தரையில நிக்கும், அள்ளிடலாம். இங்க சேத்துல சிந்துது, அடுத்த ஓதம் வந்து கழுவிட்டுப் போயிடும், பெயின்ட்டுல இருக்குற ஈயம், அடிப்பக்கம் பாசி பிடிக்காம இருக்க அடிச்ச டி.பி.டி., எல்லாம் கடலுக்குள்ளதான். அப்புறம் சேத்துல பெரிய கிரேன் கப்பல் பக்கத்துல நிக்க முடியாது, ஆம்புலன்ஸும் வர முடியாது. மேலேர்ந்து ஒருத்தன் விழுந்தா நாலு பேர் தோள்ல தூக்கிட்டு சேறு தாண்டி வரணும்.

கப்பல் ஓனர் எல்லாம் ஐரோப்பா, ஜப்பான் ஆளுங்க. அங்கயே உடைக்காம ஏன் நம்ம பக்கம் அனுப்புறாங்க? – கோவை வாசகி

காசுதான் அம்மா. பழைய கப்பல எடை போட்டுத்தான் விப்பாங்க, எல்.டி.டி.ன்னு சொல்லுவாங்க, அதாவது சரக்கு, எண்ணெய், தண்ணி எதுவும் இல்லாம வெறும் கப்பலோட எடை. ரேட்டு தினமும் மாறும், ஆனா கணக்கு புரியுறதுக்கு ஒரு சாதாரண மார்க்கெட்ட எடுத்துக்குவோம். அலங், பங்களாதேஷ் சிட்டகாங்ல டன்னுக்கு 450, 500 டாலர் கிடைக்குறப்போ துருக்கில 300 பக்கம்தான் கிடைக்கும், வட ஐரோப்பாவுல அதுக்கும் கீழ. 10,000 டன் கப்பல்னா 15, 20 லட்சம் டாலர் வித்தியாசம். எந்த கம்பெனி போர்டு மீட்டிங்ல அத வேணாம்னு சொல்லுவாங்க?

நம்ம பக்கம் அவ்வளவு காசு குடுக்க முடியுறதுக்கு ரெண்டு காரணம். ஒன்னு நியாயமான காரணம். இங்க அந்த ஸ்டீல்க்கு நல்ல டிமாண்டு, கப்பல் தகட்ட உருக்காமலே சூடு பண்ணி உருட்டி கம்பியா மாத்துற ரீரோலிங் மில் சுத்துவட்டாரம் பூரா இருக்கு, ஜெனரேட்டர், பம்பு, மோட்டார், கேபிள், கட்டில் வரைக்கும் வாங்க ஆள் இருக்கு, கப்பல் எடையில 90 சதவீதத்துக்கு மேல ஏதோ ஒரு வகையில திரும்பவும் உபயோகத்துக்கு வந்துடுது. இன்னொரு காரணம் நியாயமில்லாதது. கூலி கம்மி, பாதுகாப்புச் செலவு கம்மி, விஷக் குப்பைய ஒழுங்கா அழிக்கிற செலவு கம்மி. அந்த மிச்சமெல்லாம் கப்பல் ஓனர் பாக்கெட்டுக்குத்தான் போகுது.

சட்டம் தடுக்காதான்னா, தடுக்கத்தான் சட்டம் இருக்கு. ஐரோப்பியக் கொடி போட்ட, அதாவது அங்க பதிவான கப்பல 2018 டிசம்பர் கடைசிலேர்ந்து ஐரோப்பிய யூனியன் லிஸ்ட்ல இருக்குற யார்டுலதான் உடைக்கணும், நம்ம கடற்கரை யார்டு எதையும் அவங்க அந்த லிஸ்ட்ல சேக்கல. அதுக்கு இவங்க பண்றது என்னன்னா, கேஷ் பையர்னு நடுவுல ஒரு புரோக்கர் கம்பெனிக்கு கப்பல வித்துடுவாங்க, அவன் கொமொரோஸ், பலாவ், செயின்ட் கிட்ஸ்னு ஏதாவது குட்டி நாட்டு கொடிக்கு மாத்திடுவான், பேருல நாலு எழுத்த பெயின்ட் அடிச்சு அழிச்சா புதுப் பேரு ரெடி. கடைசி பயணத்துக்கு மட்டும் ஒரு கொடி. அப்புறம் கேட்டா நாங்க வித்துட்டோம், எங்களுக்குத் தெரியாதுன்னு பழைய ஓனர் கை விரிப்பாரு. ஆனா எப்பவும் தப்பிக்க முடியாது. 2018 மார்ச்ல ராட்டர்டாம் கோர்ட்டு ஒரு டச்சு கப்பல் கம்பெனிய இதே மாதிரி கடற்கரைக்கு கப்பல் அனுப்புனதுக்காக குற்றவாளின்னு தீர்ப்பு குடுத்துச்சு. அந்த தீர்ப்பு வந்தப்போ எனக்கு ரொம்ப நிம்மதியா இருந்துச்சு.

எங்க வாலிநோக்கத்துலயும் ஒரு காலத்துல கப்பல் உடைச்சாங்கன்னு தாத்தா சொல்றார். நிஜமா? இந்த தொழில் மொதல்ல எங்க ஆரம்பிச்சுது? – ராமநாதபுரம் வாசகர்

தாத்தா சொல்றது நிஜம். வாலிநோக்கத்துல உடைச்சிருக்காங்க, ஆனா அலங் ஓதத்துக்கு முன்னாடி போட்டி போட்டு அந்த அளவுக்கு வளர முடியல.

தொழில் எங்க ஆரம்பிச்சுதுன்னா, கப்பல் கட்டுன ஊர்லயேதான் உடைச்சிட்டும் இருந்தாங்க, இங்கிலாந்து ஸ்காட்லாந்துல பெரிய தொழில் அது. டைட்டானிக்கோட அக்கா கப்பல் ஒலிம்பிக் இருக்கே, அத 1935ல ஜாரோங்குற ஊர்லதான் உடைக்க ஆரம்பிச்சாங்க. அந்த ஊர்ல கப்பல் கட்டுற பெரிய கம்பெனி மூடி ஊரே வேலையில்லாம கிடந்துச்சு, அவங்களுக்கு வேலை கிடைக்கணும்னே ஒரு எம்.பி. தன் கைக்காசப் போட்டு அந்த கப்பல வாங்கிக் குடுத்தாரு. அதுவும் பத்தல, அடுத்த வருஷமே அந்த ஊர் ஆம்பளைங்க 200 பேர் வேலை கேட்டு லண்டன் வரைக்கும் நடந்தே போனாங்க. ஒலிம்பிக்ல இருந்த மரப் பேனல் எல்லாம் ஆல்னிக்ங்குற ஊர்ல ஒரு ஹோட்டல் டைனிங் ஹால்ல இன்னிக்கும் இருக்கு.

அப்புறம் கூலி ஏற ஏற தொழில் நகர்ந்துட்டே வந்துச்சு. 70கள்ல தைவான்ல காவோஹ்சியுங்தான் உலகத்துலயே நம்பர் ஒன். 1986ல அங்க ஒரு டேங்கர் வெடிச்சு பல பேர் செத்தாங்க, கொஞ்ச வருஷத்துல அங்க தொழிலே ஓஞ்சு போச்சு. சைனாவும் 2019லேர்ந்து வெளிநாட்டு கப்பல உடைக்க எடுக்குறதில்லன்னு நிறுத்திடுச்சு. சிட்டகாங் கதை வேற. 1960ல ஒரு புயல் கிரேக்கக் கப்பல் ஒன்னத் தூக்கி சீதாகுண்டா கரையில போட்டுடுச்சு, வருஷக்கணக்கா யாரும் எடுக்கல, கடைசில அங்க இருந்தவங்களே உடைச்சாங்க, அதுதான் அங்க தொடக்கம். பாகிஸ்தான்ல கராச்சிக்கு 50 கிலோமீட்டர் தள்ளி கடானி. 80கள்ல கொடி கட்டிப் பறந்த யார்டு அது. இப்போ உலகத்துல உடைபடுற கப்பல்ல எடைக்கணக்குல பாத்தா முக்கால்வாசிக்கு மேல இந்தியா, பங்களாதேஷ், பாகிஸ்தான்னு இந்த மூணு நாட்டுக் கடற்கரைலதான். மிச்சத்துல பெரும்பங்கு துருக்கி அலியாகாவுக்கு.

அலங்ல கப்பல் சாமான் சீப்பா கிடைக்கும்னு சொல்றாங்களே, உண்மையா? – சேலம் வாசகி

கிடைக்கும். டிராபஜ்லேர்ந்து அலங் போற ரோட்டுல ரெண்டு பக்கமும் கடைதான், சோபா, பீங்கான் தட்டு, பெரிய கிச்சன் அடுப்பு, லைஃப் ஜாக்கெட், ஜிம் மெஷின் எல்லாம் அடுக்கி வெச்சிருப்பாங்க. ஸ்டீல் பாத்திரம், மர சாமான் தாராளமா வாங்கலாம். பழைய கப்பல் சுவர் பேனல், தீப்பிடிக்காத ஷீட்டுன்னு குடுத்தா மட்டும் வாங்காதீங்க, அதுல நுரையீரல கெடுக்குற ஆஸ்பெஸ்டாஸ் இருக்க வாய்ப்பு ஜாஸ்தி.

போர்க்கப்பலையும் இப்படித்தான் உடைக்கிறாங்களா? ஐ.என்.எஸ். விராட்ட மியூசியமா வெச்சிருக்கலாமே? – திருச்சி வாசகர்

வெச்சிருக்கலாம், எனக்கும் அந்த வருத்தம் உண்டு. 1971 போர்ல வங்கக் கடல்ல நின்னு சண்ட போட்ட விமானந்தாங்கிக் கப்பல் விக்ராந்த் மும்பைல கொஞ்ச வருஷம் மியூசியமா இருந்துட்டு, 2014ல தாருகானா யார்டுல உடைபட்டுச்சு, அந்த ஸ்டீல கொஞ்சம் வாங்கி பஜாஜ் ஒரு பைக் கூட விட்டாங்க. விராட் 1982ல பிரிட்டிஷ் கப்பலா ஃபாக்லாந்து போருக்குப் போயி, அப்புறம் நம்ம கடற்படைல 30 வருஷம் இருந்து, 2020 செப்டம்பர்ல அலங்ல ஏறுச்சு. ஏலத்துல போன விலை 38.54 கோடி.

இப்போ இத பக்கத்துல வெச்சுப் பாருங்க. அமெரிக்கா கிட்டி ஹாக்ங்குற விமானந்தாங்கிக் கப்பல வித்துச்சு, விராட்ட விட ரெண்டு மடங்குக்கும் மேல பெருசு, விலை ஒரு சென்ட். ஆமா, ஒரே ஒரு சென்ட்டு. டெக்சஸ்ல பிரவுன்ஸ்வில்ங்குற ஊர்லதான் உடைக்கணும், அமெரிக்க சட்டப்படி ஆஸ்பெஸ்டாஸ், பி.சி.பி.ங்குற விஷ ரசாயனம் எல்லாத்தையும் தனித்தனியா எடுத்து ஒழுங்கா அப்புறப்படுத்தணும், ஆளுக்கு அமெரிக்கக் கூலி குடுக்கணும், இதெல்லாம் போனா அந்த ஸ்டீல்ல மிஞ்சுறது அவ்வளவுதான். அவங்களும் முன்னாடி கடற்படைக் கப்பல வெளிநாட்டுக்கு அனுப்பலாம்னு இருந்தவங்கதான், 1997ல பால்டிமோர் பேப்பர்காரங்க ரெண்டு பேர் அலங் வரைக்கும் வந்து பாத்து எழுதுனதுக்கு அப்புறம்தான் அந்தத் திட்டத்த நிறுத்துனாங்க. எங்கயாவது கப்பல உடைக்கிறதுல கொள்ளை லாபம்னு கேள்விப்பட்டா அந்த ஒரு சென்ட்ட ஞாபகம் வெச்சுக்கோங்க, அந்த லாபத்துல ஒரு பங்கு யாரோ ஒருத்தரோட நுரையீரல்லேர்ந்து வருது.

பிரான்ஸோட விமானந்தாங்கிக் கப்பல் கிளெமென்சோ கதையும் சொல்லணும். நூத்துக்கணக்கான டன் ஆஸ்பெஸ்டாஸோட 2005 டிசம்பர் கடைசில துலோன் துறைமுகத்துலேர்ந்து அலங்க்கு கெளம்புச்சு. நம்ம சுப்ரீம் கோர்ட்டு உள்ள விடாதேன்னுச்சு, பிரான்ஸ்லயும் எதிர்ப்பு, கடைசில அதிபர் சிராக்கே 2006 பிப்ரவரில திரும்பி வான்னு சொல்லிட்டாரு. அப்புறம் இங்கிலாந்துல ஹார்ட்டில்பூல்ல டாக்குக்குள்ள வெச்சு ஒழுங்கா உடைச்சாங்க. அதோட தங்கச்சி கப்பல் ஃபோஷ், பிரேசிலுக்கு வித்து சாவோ பாவ்லோன்னு பேரு மாறுனது, அதுக்கு அந்தக் குடுப்பினை இல்ல. 2022ல துருக்கி அனுமதிய ரத்து பண்ணிடுச்சு, நடுக்கடல்லேர்ந்து திரும்ப இழுத்துட்டு வந்தா பிரேசில் துறைமுகமே இடம் குடுக்கல, மாசக்கணக்கா இழுத்துட்டு அலைஞ்சு 2023 பிப்ரவரில அட்லாண்டிக்ல மூழ்கடிச்சிட்டாங்க, உள்ள இருந்த விஷத்தோட சேத்து.

உலகத்துலயே பெரிய கப்பலும் அலங்லதான் உடைச்சாங்களாமே? – மதுரை வாசகர்

ஆமா. சீவைஸ் ஜயன்ட்னு ஒரு எண்ணெய் டேங்கர், 458 மீட்டர் நீளம். ஈரான் ஈராக் போர்ல 1988ல குண்டு பட்டு எரிஞ்சும் திரும்ப ரிப்பேர் பண்ணி ஓட்டுனாங்க. கடைசில மான்ட்னு பேரு மாத்தி 2009 கடைசில அலங்ல ஏத்துனாங்க. அதோட 36 டன் நங்கூரம் ஹாங்காங்ல பத்திரமா இருக்கு.

புதுசா உலக ஒப்பந்தம் ஒன்னு வந்திருக்காமே, இனிமே எல்லாம் சரியாகிடுமா? – சென்னை வாசகி

ஹாங்காங் ஒப்பந்தம். 2009ல எழுதுனது, போதுமான நாடுங்க கையெழுத்துப் போட்டு அமலுக்கு வந்தது 2025 ஜூன் 26. நடுவுல 16 வருஷம். இந்தியா 2019ல சேந்து அதே வருஷம் சட்டமும் போட்டுச்சு, பங்களாதேஷ் 2023ல சேந்ததும்தான் கணக்கு நிறைஞ்சுது. இதுப்படி ஒவ்வொரு கப்பல்லயும் என்னென்ன ஆபத்தான பொருள் எங்கெங்க இருக்குன்னு ஒரு லிஸ்ட் இருக்கணும், யார்டு லைசென்ஸ் வாங்கியிருக்கணும், கப்பல் ஒவ்வொன்னுக்கும் தனியா எப்படி உடைக்கப் போறோம்னு பிளான் எழுதணும்.

அந்த லிஸ்ட் ரொம்ப முக்கியம்னு நான் நினைக்குறேன். முன்னாடி கட்டர் பிடிக்கிற பையனுக்கு எந்த பைப்புல என்ன சுத்தியிருக்குன்னே தெரியாது. நீராவி பைப்பு மேல வெள்ளையா துணி மாதிரி சுத்தியிருப்பாங்க, பழைய கப்பல்ல அது ஆஸ்பெஸ்டாஸ், நாங்க வேல பாத்தப்போ வெறும் கைல பிச்சிருக்கோம். அலங்லயும் அது அப்படித்தான் நடந்துச்சு, 2006ல சுப்ரீம் கோர்ட்டு கமிட்டி முன்னாடி வந்த மெடிக்கல் ரிப்போர்ட்ல ஆஸ்பெஸ்டாஸ் கையாண்ட 94 பேர எக்ஸ்ரே எடுத்ததுல 15 பேருக்கு பாதிப்போட அறிகுறி இருந்துச்சு.

ஆனா எல்லாம் சரியாகிடும்னு சொல்ல மாட்டேன். கடற்கரைல ஏத்துறத இந்த ஒப்பந்தம் தடை பண்ணல. கொடி மாத்துற வேலைக்கும் பூட்டு போடல. சர்டிஃபிகேட்டு மட்டும் உயிரக் காப்பாத்தாதுங்குறதுக்கு சிட்டகாங்கே சாட்சி, 2024 செப்டம்பர்ல சீதாகுண்டாவுல ஒரு டேங்கர்ல வெடிச்சு தொழிலாளிங்க செத்தாங்களே, அது சர்டிஃபிகேட் வாங்குன யார்டு. அங்க இதுக்காக வருஷக்கணக்கா கோர்ட்டுல நின்னவங்க ரிஸ்வானா ஹசன்னு ஒரு வக்கீலம்மா, 2009ல கோல்ட்மேன் சுற்றுச்சூழல் பரிசு வாங்குனவங்க. அவங்க கேஸ் போடலைன்னா இன்னிக்கு அங்க இருக்குற கொஞ்ச நஞ்ச பாதுகாப்பும் வந்திருக்காது.

யார்ட மூடுங்கன்னு சொல்றவங்களோடயும் எனக்கு உடன்பாடு இல்ல. ஒடிசா, பீகார், ஜார்க்கண்ட், உ.பி.ன்னு ஆயிரக்கணக்கான குடும்பத்துக்கு அதுதான் சோறு, பழைய ஸ்டீல திரும்ப உருட்டுறதுல இரும்புத் தாது வெட்டுறதும் நிலக்கரி எரிக்கிறதும் மிச்சம். செலவ யாரு ஏத்துக்குறதுங்குறதுதான் கேள்வி. 30 வருஷம் அந்த கப்பல ஓட்டி சம்பாதிச்சவன் ஏத்துக்கட்டும். கப்பல் புதுசா இருக்கும்போதே வருஷா வருஷம் ஒரு தொகைய ஒதுக்க வெச்சு, ஒழுங்கா உடைச்சா திருப்பிக் குடுக்குற மாதிரி ஒரு நிதி வேணும்னு ஐரோப்பாவுல ரொம்ப நாளா பேசுறாங்க. அத பண்ணாதான் கொடி மாத்துறதுல லாபம் இல்லாம போகும்.

என் அக்கா பையன் ஐ.டி.ஐ. வெல்டிங் முடிச்சு காஸ் கட்டிங்கும் தெரிஞ்சு வெச்சிருக்கான். அலங்ல நல்ல சம்பளம்னு ஒரு ஏஜென்ட் கூப்பிடுறார். அனுப்பலாமா சார்? – விழுப்புரம் வாசகர்

உங்க கடிதத்தத்தான் ரொம்ப நேரம் கைல வெச்சிருந்தேன். போகாதேன்னு சொல்ல எனக்கு உரிமை இல்ல, வீட்டு நிலைமை உங்களுக்குத்தான் தெரியும். ஆனா தெரிஞ்சு போகணும்.

இதுல ஆளைக் கொல்றது முக்கியமா மூணு. உயரத்துலேர்ந்து விழுறது, அறுத்த தகடு மேல விழுறது, காஸ். டேங்குக்குள்ள கண்ணுக்குத் தெரியாம எண்ணெய் ஆவி நிக்கும், கட்டர பத்த வெச்சா அவ்வளவுதான். 2016 நவம்பர் 1 அன்னிக்கு கடானில ஒரு எண்ணெய் டேங்கர்ல அப்படித்தான் வெடிச்சு குறைஞ்சது 26 பேர் செத்தாங்க. அதனால எந்த டேங்குல இறங்குறதா இருந்தாலும் உள்ள ஆள் போகலாம்னு ஒரு சர்டிஃபிகேட், நெருப்பு வேல செய்யலாம்னு இன்னொரு சர்டிஃபிகேட், ரெண்டும் இருக்கணும். ஆள் போகலாம்னு மட்டும் எழுதியிருந்தா கட்டர் கொளுத்தக் கூடாது. மேஸ்திரி நேத்து பாத்தாச்சுன்னு சொன்னாலும் ஒத்துக்கக் கூடாது, நேத்து இல்லாத காஸ் இன்னிக்கு இருக்கலாம், மூலைல கிடக்குற கசடு சூடானாலே ஆவி வரும்.

ஏஜென்ட் கிட்ட மொதல்ல யார்டு பேரு, ப்ளாட் நம்பர் கேளுங்க. அத சொல்லத் தயங்குனா அங்கயே விட்டுடுங்க. சம்பளம் யாரு கையால வருது, யார்டா, கான்ட்ராக்டரா, பி.எஃப். பிடிக்கிறாங்களா, அடிபட்டா யாரு செலவுன்னு எழுத்துல வாங்குங்க. வேலைக்கு சேந்ததும் மாரிடைம் போர்டோட பாதுகாப்பு டிரெயினிங்க முடிக்காம யார்டுக்குள்ள இறங்கக் கூடாது. தங்குற இடம் எப்படின்னும் கேளுங்க, சில யார்டு நல்ல குவார்ட்டர்ஸ் குடுக்குது, நிறைய பேர் இன்னும் ரோட்டோர தகரக் கொட்டாய்லதான் இருக்காங்க, பெரிய ஆஸ்பத்திரின்னா 50 கிலோமீட்டர் தள்ளி பாவ்நகர்தான்.

போறதுக்கு முன்னாடி விழுப்புரத்துலயே ஒரு நெஞ்சு எக்ஸ்ரே எடுத்து ஃபிலிம பத்திரமா வெச்சுக்கோங்க, அப்புறம் வருஷம் ஒரு தடவ எடுக்கச் சொல்லுங்க. யார்டு ஐ.டி. கார்டு, சம்பள சீட்டு, அவன் வேல பாத்த கப்பலோட பேரு, எல்லாத்தையும் போன்ல போட்டோ எடுத்து வீட்டுக்கு அனுப்பி வெக்கட்டும். ஆஸ்பெஸ்டாஸ் நோய் வெளிய தெரிய 20, 30 வருஷம் ஆகும், அப்போ அந்த கான்ட்ராக்டர் இருக்க மாட்டான், கப்பலும் இருக்காது, நஷ்டஈடு கேக்கப் போனா இவன் அங்க வேல பாத்தான்னு காட்ட இந்த பேப்பர் மட்டும்தான் இருக்கும்.